சொல்லைக் காத்தோம், உறவைக் காத்தோமா?



அண்மையில் நம் இயக்க மூத்தவர் ஒருவரின் எண்பதாம் அகவை நிறைவு விழாவிற்குச் சென்றிருந்தேன். 1965ஆம் ஆண்டு இந்தி எதிர்ப்புப் போரில் கல்லூரி மாணவராய்ச் சிறை புகுந்தவர் அவர். அன்று தொட்டு இன்றுவரை ஓர் அயற்சொல்லையும் தம் எழுத்தில் நுழைய விடாதவர். மேடையில் பாவலர்கள் பாராட்டினர், புலவர்கள் போற்றினர். இறுதியில் அவருடைய ஐந்து அகவைப் பெயர்த்தி மாலையோடு மேடையேறினாள். மாலையை இட்டுவிட்டு, ஒலிவாங்கியின் முன் நின்று, "ஏப்பி பர்த்டே கிராண்ட்பா!" என்றாள்.

அவை சிரித்தது. சிலர் கைதட்டவும் செய்தனர். பெரியவர் குனிந்து குழந்தையின் கன்னத்தைத் தடவினார்; ஏதோ சொல்ல வாயெடுத்தார்; சொல்லவில்லை. சொன்னால் அவளுக்கு விளங்குமோ விளங்காதோ என்னும் ஐயம் அவர் முகத்தில் நிழலிட்டு நின்றது.

அந்த ஐயத்தைப் பற்றியதே இக்கட்டுரை. அது அவர் ஒருவருடைய ஐயமன்று. நம்மில் பலர் வீட்டுத் திண்ணையில் அந்த ஐயம் வந்து குந்தியிருக்கின்றது. அதனை வெளியே சொல்ல நாணி, நாம் மேடையில் உரக்கப் பேசிக் கொண்டிருக்கின்றோம்.

வெளிப்பகையும் உட்குறையும்

இந்நிலைக்குக் கரணியம் யாது என்று வினவினால் நம்மிடம் அணியமாய் விடைகள் உள்ளன. ஆங்கிலவழிப் பள்ளி என்போம், தொலைக்காட்சி என்போம், ஆட்சியாளர் என்போம். அவை பொய்யல்ல. 1999ஆம் ஆண்டு ஏப்பிரல் திங்களில், தமிழ்வழிக் கல்வி கேட்டுத் தமிழறிஞர் 102 பேர் சென்னையில் சாகும்வரை உண்ணாநோன்பு தொடங்கினர். தொடக்க வகுப்புகளில் தமிழ் அல்லது தாய்மொழியே பயிற்றுமொழி என அவ்வாண்டே அரசாணை பிறந்தது. அடுத்த ஆண்டே, 2000இல், உயர்முறைமன்றம் அதனைச் செல்லாது எனத் தள்ளியது. 2006ஆம் ஆண்டின் தமிழ் கற்றல் சட்டம் தமிழை ஒரு பாடமாகக் கட்டாயமாக்கியதேயன்றிப் பயிற்றுமொழியாக்கவில்லை. இப்போர் இன்னும் முடியவில்லை; முடியும்வரை நாம் ஓயவும் கூடாது.

ஆயினும் ஒன்று கேட்கின்றேன். பள்ளியின் கதவை அரசும் முறைமன்றமும் அடைத்தன. நம் வீட்டுக் கதவை அடைத்தவர் யார்? பள்ளி, குழந்தையை நாள்தோறும் ஆறேழு மணிநேரம் கொள்கின்றது. எஞ்சிய நேரமெல்லாம் அது நம் கையில் அன்றோ இருக்கின்றது? அந்நேரத்தில் அதனோடு நாம் என்ன பேசினோம்? பேசினோமா?

இயக்கம் பிறந்த இடம்

தனித்தமிழ் இயக்கம் எங்குப் பிறந்தது என்பதை ஒருகால் நினைந்து பாருங்கள். அது மாநாட்டில் பிறக்கவில்லை, மறியலில் பிறக்கவில்லை. ஒரு வீட்டில், ஒரு தந்தைக்கும் மகளுக்கும் இடையே நிகழ்ந்த உரையாடலில் பிறந்தது.

1916ஆம் ஆண்டு, பல்லாவரத்தில், அடிகளார் தம் மகளார் நீலாம்பிகையோடு வள்ளலாரின் அருட்பாப் பாடல் ஒன்றைப் பாடி மகிழ்ந்திருந்தார். அம்மையார் 1903இல் பிறந்தவர். அன்று பன்னிரண்டு, பதின்மூன்று அகவைச் சிறுமி. அப்பாடலில் தேகம் என்னும் வடசொல் வந்தவிடத்தில் யாக்கை என்னும் தென்சொல் நின்றிருப்பின் எத்துணை நன்றாய் இருந்திருக்கும் என்று தந்தையார் எடுத்துக் கூறினார். இனி அயன்மொழிச் சொல் கலவாமல் பேசவும் எழுதவும் வேண்டும் என்னும் உறுதி அப்பேச்சில் முளைத்தது. இது நாம் அனைவரும் அறிந்த வரலாறு. பெற்ற தாயைப் பிள்ளை மறப்பதும், பிள்ளையைத் தாய் மறப்பதும் உண்டெனினும் இறைவனை நான் மறவேன் என்னும் கருத்துடைய பாடல் அது. தலைமுறையும் தலைமுறையும் ஒன்றையொன்று மறத்தலைப் பற்றிய பாடலிலிருந்தே நம் இயக்கம் கிளைத்தது என்பதை எண்ணும்போது என் நெஞ்சம் நடுங்குகின்றது.

அவ்வுரையாடலில் நாம் காணத் தவறிய ஒன்று உண்டு. அடிகளார் அன்று மகளைத் திருத்தவில்லை. மகளோடு சேர்ந்து தம்மைத் திருத்திக் கொண்டார். வேதாசலம் என்னும் தம் பெயரை மறைமலை என்றாக்கினார். ஞானசாகரம் என்னும் தம் இதழை அறிவுக்கடல் என்றாக்கினார். சமரச சன்மார்க்க நிலையம் என்பதைப் பொதுநிலைக் கழகம் என்றாக்கினார். முதல் வெட்டு அவர்மீதே விழுந்தது. மகளோ, தந்தை சொல்லைக் கேட்டுத் தலையாட்டும் பாவையாய் நிற்கவில்லை. 'வடசொற்றமிழ் அகரவரிசை' என்னும் நூலைத் தொகுத்து 1937இல் வெளியிடும் புலமை பெற்று உயர்ந்தார். 1938ஆம் ஆண்டு நவம்பர் 13ஆம் நாள் சென்னையில் கூடிய தமிழ்நாட்டுப் பெண்கள் மாநாட்டிற்குத் தலைமை ஏற்றவர் அவரே, ஈ.வெ.இராமசாமியார்க்குப் பெரியார் என்னும் பெயர் வழங்க முடிவெடுத்ததும் அம்மாநாடே. அதனையடுத்துப் பெண்கள் கைக்குழந்தைகளோடு மறியல் செய்து சிறை புகுந்தனர்.

தந்தை மகளை மதித்துப் பேசினார். மகள் நாட்டிற்கே வழிகாட்டினார். இதுதான் நம் தொடக்கம். நம் தொடர்ச்சி எப்படியிருக்கின்றது?

என் வீட்டில் நிகழ்ந்தது

பிறரைக் குறைகூறுமுன் என் வீட்டைச் சொல்லிவிடுகின்றேன்.

என் மகன் பத்து அகவைச் சிறுவனாய் இருந்தபோது ஒருநாள் மாலை பள்ளியிலிருந்து ஓடிவந்தான். "அப்பா, சைக்கிள் ரேசில் நான்தான் பர்ஸ்ட்!" என்றான். மூச்சிரைக்க, முகமெல்லாம் வியர்வையாய், கண்ணெல்லாம் ஒளியாய் நின்றான். நான் அவனை அணைத்துக் கொண்டேனா? இல்லை. "மிதிவண்டிப் போட்டியில் முதல்வனாய் வந்தேன் என்று சொல்" என்றேன். அவன் சொன்னான். ஓர் எழுத்தும் பிழையின்றிச் சொன்னான். ஆனால் அதனைச் சொல்லி முடித்தபோது அவன் கண்ணில் அந்த ஒளி இல்லை. அதன்பின் அவன் எனக்குச் செய்தி கொண்டுவருவதை மெல்ல மெல்ல நிறுத்திக் கொண்டான். தாயிடம் சொல்வான், நான் வந்தால் பேச்சை மாற்றுவான். அவன் தமிழ் தூயதாயிற்று. என்னோடு பேச்சுத்தான் அற்றுப் போயிற்று.

ஆண்டுகள் கடந்தன. அவன் தன் மகளை ஆங்கிலவழிப் பள்ளியில் சேர்த்தபோது நான் சினந்து கூத்தாடினேன். அவன் குரலை உயர்த்தவில்லை. "அப்பா, தமிழ் என்றதும் எனக்கு நினைவுக்கு வருவது உங்கள் திருத்தந்தான். என் மகளுக்கு அந்த அச்சம் வேண்டாவே என்று எண்ணினேன்" என்றான்.

உடன்பிறப்புகளே! நான் மேடையில் எத்தனையோ எதிர்ப்புகளுக்கு விடை கூறியிருக்கின்றேன். இதற்கு விடை கூற இயலவில்லை. அவன் செய்தது பிழை என்றே இன்றும் கருதுகின்றேன். அச்சத்திலிருந்து மகளைக் காக்க நினைத்தவன், அவளுக்கும் அவள் பாட்டன் பாட்டியர்க்கும் இடையே சுவர் எழுப்பிவிட்டான். ஆனால் அந்தச் சுவருக்குச் செங்கல் சுமந்தவன் நான்.

முறைப்பெயரின் பொருள்

நம் மொழியில் உறவு எத்துணை ஆழமாய் ஊன்றியிருக்கின்றது என்பதை நாம் அறிவோம். எந்தை என்றால் என் தந்தை. நுந்தை என்றால் உன் தந்தை. தந்தை என்றால் அவன் தந்தை. யாய் என் தாய். ஞாய் உன் தாய். தாய் அவன் தாய். எம்பி, நும்பி, தம்பி என்பனவும், எங்கை, நுங்கை, தங்கை என்பனவும் அவ்வாறே. இன்னார் என்பதோடு யார்க்கு இன்னார் என்பதையும் ஒரே சொல் உணர்த்தும். சொல்லின் முதலில் குற்றியலுகரம் வரும் இடத்தைச் சொல்லவந்த தொல்காப்பியர், நுந்தை என்னும் முறைப்பெயரையே எடுத்துக் காட்டினார். இலக்கணத்தின் அடிப்படையிலேயே குடும்பம் இருக்கின்றது!

பேரன் என்பது பெயரன். பாட்டன் பெயரைத் தாங்குபவன். அப்பனின் உடன்பிறந்தவன் பெரியப்பன் அல்லது சிற்றப்பன். அவனும் ஓர் அப்பனே. தாயின் உடன்பிறந்தவன் மாமன். காதணி விழாவில் பிள்ளையை மடியில் இருத்தும் உரிமையும் கடமையும் அவனுடையவை. சிற்றப்பன் மக்கள் உடன்பிறந்தார் ஆவர்; மாமன் மக்கள் அல்லர். இத்தனை உறவையும் அங்கிள் என்னும் ஒரே சொல் விழுங்கிவிட்டது. எல்லாரும் அங்கிள் என்றால், எவர்க்கும் குழந்தையிடத்தில் தனிக்கடமை இல்லை. சொல் போனபின் கடமையும் போகும்.

இவற்றையெல்லாம் நாம் மேடைதோறும் விளக்கினோம். மம்மி என்பது மருந்திட்டுக் காத்த பிணம் என்றும், ஆண்டி என்பது திருவோடு ஏந்துவோன் என்றும் நகையாடினோம். கேட்டோர் கைதட்டினர், கைதட்டிய கையோடு வீட்டிற்குச் சென்று, பிள்ளைக்கு அச்சொற்களையே கற்பித்தனர். ஏன்?

அங்கிள் ஏன் வென்றது?

இங்குத்தான் நாம் மனம் திறந்து ஒன்றை ஒப்புக்கொள்ளல் வேண்டும். "அந்நாளில் ஊரே ஒரு குடும்பமாய் இருந்தது, எல்லாரையும் மாமன், அத்தை, அண்ணன், அக்கை என்று அழைத்தோம்" என்று பெருமை பேசுகின்றோம். எல்லாரையுமா அழைத்தோம்? நிலத்தை உழுத முதியவரை, துணி வெளுத்த மூதாட்டியை, பறையறைந்த பெரியவரைப் பத்து அகவைச் சிறுவன் பெயர் சொல்லி, ஒருமையில் அழைத்தானே! அவர் அவனைக் கைகட்டி நின்று "ஐயா" என்றாரே! நம் இனிய முறைப்பெயர்கள் சாதித்தெருவின் முனையில் நின்றுவிட்டன. அதற்கு அப்பால் ஓர் அடியும் அவை நடக்கவில்லை.

இன்று நகரத்து அடுக்ககத்தில் பல குலத்தாரும் பக்கத்துப் பக்கத்து வீட்டில் வாழ்கின்றனர். அங்குள்ள குழந்தை எல்லாரையும் அங்கிள் என்கின்றது, ஆண்டி என்கின்றது. அச்சொல் எவரிடமும் குலம் கேட்கவில்லை. மாமா என்றழைத்தால் என்ன முறை வரும், அண்ணன் என்றால் என்ன முறை வரும் என்று பெரியவர்கள் கூசிய இடத்தில் அயற்சொல் எளிதாய் நுழைந்து அமர்ந்தது. ஆங்கிலத்தின் பெருமையால் மட்டும் அது வென்றதன்று. நம் சிறுமையாலும் வென்றது.

குடும்பத்தின் உள்ளும் இவ்வாறே. தாய்மொழி என்று பெயரிட்டு அதனைத் தாயின் தலையில் சுமத்திவிட்டுத் தந்தையர் நாம் கூட்டத்திற்குப் போய்விட்டோம். பெண்ணுக்குப் பேச்சுரிமை இல்லாத வீடு, மருமகள் வாய்திறவாத வீடு, பிள்ளை எதிர்வினா எழுப்பலாகாத வீடு – அதனைப் பழந்தமிழ்ப் பண்பென்று போற்றினோம். மகள் கல்வி கற்று வேலைக்குச் செல்வதும், தன் துணையைத் தானே தேர்வதும், மகன் தந்தையோடு நேர்நின்று வழக்காடுவதும் பண்பாட்டுச் சிதைவு என்று புலம்புவார் நம்முள்ளும் உளர். அவர்க்கு நான் சொல்வது இது: அம்மாற்றங்களால் தமிழ் சாகவில்லை. மாறிய பிள்ளைகளோடு மாறாத தந்தையர் பேச மறுத்ததனாலேயே சாகின்றது. பதின்மூன்று அகவைப் பெண்ணோடு ஒரு புலவர் ஒத்து உரையாடியதும் அந்நாளில் புதுமையே அன்றோ? புதுமையில் பிறந்த இயக்கம் புதுமைக்கு அஞ்சுவது எங்ஙனம்?

இனி வரும் நெருக்கடி

இன்னொன்றையும் கருதுங்கள். நடுவணரசின் 2019–21ஆம் ஆண்டுக் குடும்பநல ஆய்வின்படி தமிழ்நாட்டில் ஒரு பெண்ணுக்குப் பிறக்கும் குழந்தைகளின் கணக்கு 1.8. வீட்டிற்கு ஒரு பிள்ளை என்பது நகரங்களில் இயல்பாகிவிட்டது. ஒற்றைப் பிள்ளையாய்ப் பிறந்தவன் ஒற்றைப் பிள்ளையாய்ப் பிறந்தவளை மணந்தால், அவர்களுக்குப் பிறக்கும் குழந்தைக்குப் பெரியப்பன் இல்லை, சிற்றப்பன் இல்லை, மாமன் இல்லை, அத்தை இல்லை, பெரியம்மை, சின்னம்மை எவரும் இல்லை. அங்கிள் என்னும் சொல்லை நாம் அடியோடு விரட்டிவிட்டாலும், சிற்றப்பா என்று அழைக்க அக்குழந்தைக்கு ஆள் வேண்டுமே! அகரமுதலியில் சொல் இருக்கும். அகத்தில் ஆள் இருக்கமாட்டார்.

புறநானூற்றின் 312ஆம் பாடலில் பொன்முடியார், ஒரு பிள்ளை ஆளாவதற்குத் தாய், தந்தை, கொல்லன், வேந்தன் ஆகியோர் செய்யவேண்டிய கடன்களை வகுத்துரைத்து, அப்பிள்ளை செய்யவேண்டியதையும் சொன்னார். அங்குக் கொல்லனுக்கும் பிள்ளை வளர்ப்பில் பங்கு உண்டு! இன்று நாம் எல்லார் கடனையும் பள்ளிக் கட்டணம் என்னும் ஒரே கடனாக மாற்றிக் கொடுத்துவிட்டுக் கைகழுவுகின்றோம். இனிவரும் தலைமுறைக்குக் குருதி தராத உறவை மொழிதான் தரவேண்டும். பக்கத்து வீட்டுக்காரர், அவர் எக்குலத்தாராயினும், குழந்தைக்குச் சிற்றப்பன் ஆகவேண்டும். எதிர்வீட்டு அம்மையார் அத்தை ஆகவேண்டும். வெறும் சொல்லாக அன்று. நோயுற்றால் ஓடிவரும் உறவாக, கதை சொல்லும் மடியாக ஆகவேண்டும்.

என்ன செய்வோம்?

அறிவுரை கூறும் தகுதி எனக்கு இல்லை; பட்டவன் என்னும் முறையில் மட்டும் சொல்கின்றேன்.

ஒன்று: நாளில் ஒருவேளையேனும் குடும்பத்தார் அனைவரும் சேர்ந்திருந்து உண்ணுங்கள். அப்போது கைப்பேசி வேறோர் அறையில் இருக்கட்டும். பள்ளியில் நடந்ததைக் குழந்தை சொல்லட்டும். எந்தச் சொல்லில் சொன்னாலும் சொல்லி முடிக்கட்டும். நடுவில் வெட்டாதீர்கள்.

இரண்டு: அதன்பின் நீங்கள் பேசுங்கள், தூய தமிழில், அன்பாய், இயல்பாய்ப் பேசுங்கள். குழந்தை "பஸ்சில் வந்தேன்" என்றால், "பேருந்தில் கூட்டமா கண்ணே? உட்கார இடம் கிடைத்ததா?" என்று கேளுங்கள். சொல் தானே போய்ச் சேரும். திருத்தம் என்று அதற்குத் தெரியவும் வேண்டா.

மூன்று: பெயர் தெரியாத புதுப்பொருள் வீட்டிற்கு வந்தால், அதற்கு என்ன பெயர் வைக்கலாம் என்று குழந்தையையே கேளுங்கள். அது தரும் பெயர் இலக்கணத்தில் வழுவினும் ஒருநாள் வீட்டில் வழங்கட்டும். சொல்லாக்கம் விளையாட்டாகிய வீட்டில் மொழி சுமையாவதில்லை.

நான்கு: முறைப்பெயரைச் சாதிவேலி தாண்டி வழங்குங்கள். வீட்டு வேலைக்கு வரும் அம்மையாரை உங்கள் குழந்தை பெயர் சொல்லி அழைத்தால், அங்குத்தான் கடுமையாகத் திருத்துங்கள். திருத்தம் வேண்டிய இடம் அதுவே.

அண்மைக்காலமாய் நான் என் பெயர்த்தியிடம் ஒன்று செய்து பார்க்கின்றேன். ஞாயிற்றுக் கிழமைதோறும் அவளுக்குக் கதை சொல்கின்றேன். முதல் நாள் பாதி விளங்காமல் விழித்தாள். நான் திருத்தவில்லை, கேட்டுக்கொண்டிருந்தேன். சென்ற கிழமை அவளே தொலைபேசியில் அழைத்து, "தாத்தா, அந்த நரி அப்புறம் என்னாச்சு?" என்றாள். அப்புறம் என்பதும், என்னாச்சு என்பதும் செந்தமிழ் அல்ல. எனக்கு அவை செந்தேனாய் இனித்தன. அவள் அருகில் அவள் தந்தையும் இருந்திருக்கவேண்டும்; அவனும் மறுமுனையில் சிரித்தது கேட்டது. முப்பது ஆண்டுகளுக்குப்பின் என் மகன் என் பேச்சைக் கேட்டுச் சிரித்தான்.

தமிழர்களே! சொல்லைக் காத்தோம்; அது நம் பெருமை. உறவைக் காக்கத் தவறினோம். அது நம் பிழை. உறவு வாழும் வீட்டில்தான் சொல் வாழும். வீட்டில் தோற்ற மொழி நாட்டில் வெல்லாது. பல்லாவரத்து வீட்டில் ஒரு தந்தையும் மகளும் பேசிய அந்தப் பேச்சு இன்னும் முடியவில்லை. அதனை நம் வீட்டுத் திண்ணையில் இன்று மாலையே தொடங்குவோம்!

தமிழ் பேசி வாழ்க! பேசுவதற்கு ஆளோடு வாழ்க!